வடகரைப் பயணம்: தூண்டிலுக்கு எந்த மாதம், கண்ணுக்கு எந்த மாதம்?

2024 ஒக்டோபர் 12, வந்த கேள்வி

நாங்கள் கொட்டாஞ்சேனையைச் சேர்ந்த நான்கு பேர். டிசம்பர் விடுமுறையில் ஐந்து நாள் கிடைக்கிறது. தலைமன்னாரில் தொடங்கிப் பருத்தித்துறை வரை கரையோரமாகப் போய், பகலில் இடங்களைப் பார்த்து, விடியலிலும் மாலையிலும் தூண்டில் போட எண்ணியிருக்கிறோம். வடக்குக் கடல் ஆழமற்றது என்பதால் எந்த மாதத்திலும் அமைதியாகவே இருக்கும் என்று எங்களில் ஒருவர் உறுதியாகச் சொல்கிறார். இந்தத் திட்டத்தில் உள்ள பிழைகளைச் சொல்ல முடியுமா?

2024 ஒக்டோபர் 12, இரவு

உங்கள் நண்பர் சொன்னதில் முற்பாதி சரி, பிற்பாதி பிழை. பாக்கு விரிகுடாவின் பெரும்பகுதி பத்துப் பதினைந்து மீற்றர் ஆழத்துக்குள் அடங்கிவிடும் என்பது உண்மைதான். ஆனால் ஆழங்குறைந்த நீரில் காற்று எழும்போது அலை நீண்டு புரள இடமில்லாமல் குட்டையாகவும் செங்குத்தாகவும் ஒன்றன்மேல் ஒன்றாக எழும். சிறிய பிளாஸ்டிக் படகில் குந்தியிருப்பவருக்குக் காலிமுகத்திடலில் பார்க்கும் பெரிய அலையைவிட இந்தக் குட்டை அலைதான் கொடியது. டிசம்பரில் வாடைக் காற்று வடகிழக்கிலிருந்து வீசுகிறது. காங்கேசன்துறையிலிருந்து பருத்தித்துறை வரையான கரை வடக்கைப் பார்த்துக் கிடப்பதால் அந்தக் காற்றை நெஞ்சிலே வாங்கிக்கொள்கிறது.

2016 டிசம்பரில் இதே திட்டத்தோடு பருத்தித்துறையில் நான்கு நாள் தங்கினேன். நான்கு நாளும் வள்ளங்கள் கரையில் கவிழ்ந்தபடி கிடந்தன. தட்டை வடை தின்றுகொண்டு வெளிச்சவீட்டுப் பக்கமாக நடந்துபோய், வீதியோர மதிலைத் தாண்டித் தெறிக்கும் நீரைப் பார்த்துவிட்டுத் திரும்புவதே வேலையாக இருந்தது. அந்த நான்கு நாளில் எனக்குப் பிடித்தது தடிமன் ஒன்றுதான்.

ஆகவே மே பிற்பகுதி முதல் செப்ரெம்பர் வரையான காலத்தைப் பாருங்கள். தென்மேற்குக் காற்றாகிய சோளகம் வீசும் அந்த மாதங்களில் வடகரை முழுவதும் குளம்போலக் கிடக்கும். நாள் ஒழுங்கு இப்படி இருக்கலாம்: முதல் நாள் தலைமன்னார், இரண்டாம் நாள் பூநகரி வழியாக யாழ்ப்பாணம், மூன்றாம் நாள் நெடுந்தீவு, நான்காம் நாள் கீரிமலையும் வல்வெட்டித்துறையும், ஐந்தாம் நாள் பருத்தித்துறையும் மணற்காடும் பார்த்துவிட்டுக் கொழும்புக்குத் திரும்புதல்.

2024 ஒக்டோபர் 13

நேற்று எழுதியதில் ‘முழுவதும்’ என்ற சொல்லைத் திரும்பப் பெறுகிறேன். இரவு படுத்த பிறகுதான் என்னுடைய ஓர் ஆகஸ்ட் மாதப் பயணம் நினைவுக்கு வந்தது. எப்படி மறந்தேன் என்று தெரியவில்லை, வயிறு மறந்திருக்காது.

சோளகம் தெற்கிலிருந்தும் தென்மேற்கிலிருந்தும் வருவதால் குடாநாட்டின் தரை அதை மறித்து நிற்கிறது. அந்த மறைப்பிலே கிடக்கும் கீரிமலை, காங்கேசன்துறை, வல்வெட்டித்துறை, பருத்தித்துறைக் கடல்தான் அமைதியாக இருக்கும். தீவுப்பகுதிக்கு அப்படி ஒரு மறைப்பு இல்லை. குறிகட்டுவானிலிருந்து நெடுந்தீவுக்குப் போகும் ஏறத்தாழ ஒரு மணி நேரக் கடல் தென்மேற்குக்குத் திறந்தே கிடக்கிறது. அந்த ஆகஸ்டில் படகின் மேற்தட்டில் நின்று காற்று வாங்கலாம் என்று ஏறியவன், பாதி வழியில் கீழே இறங்கி, சாக்கு மூட்டைகளுக்கு நடுவில் தலையைப் பிடித்துக்கொண்டு இருந்தேன். பக்கத்தில் இருந்த நெடுந்தீவு அம்மா ஒருவர் எதுவும் கேட்காமல் ஒரு தேசிக்காயைக் கீறி என் கையில் வைத்து, மணந்துகொண்டே வரும்படி சொன்னார். அவர் அதைப் பையில் எடுத்து வந்ததே என்னைப் போன்றவர்களுக்காகத்தான் என்று நினைக்கிறேன்.

மன்னாரிலும் இதே கதைதான். அங்கே ஒரு தீவுக்கு இரண்டு கடல் இருக்கிறது: பாக்கு விரிகுடாப் பக்கம் வடகடல், மன்னார் வளைகுடாப் பக்கம் தென்கடல். வாடையில் ஒன்று கொந்தளிக்கும், சோளகத்தில் மற்றது கொந்தளிக்கும்.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். சோளகத்தில் பருத்தித்துறைக் கடல் அமைதியாகத் தெரிவதில் ஒரு வஞ்சகம் இருக்கிறது. காற்று தரையிலிருந்து கடலை நோக்கி வீசுவதால், இயந்திரம் நின்றுபோனால் படகு கரைக்கு ஒதுங்காது. வடக்கே, இந்திய எல்லைப் பக்கமாக இழுபட்டுப் போகும். 1974 ஆம் ஆண்டிலும் 1976 ஆம் ஆண்டிலும் கோடு கிழித்த அந்த எல்லையைக் கடலின்மேல் கண்ணால் காண முடியாது.

இரண்டு காற்றுக்கும் இடைப்பட்ட மார்ச், ஏப்ரில் மாதங்கள்தான் எல்லாக் கரைக்கும் பொதுவாகச் சரிவரும் என்று இப்போது எழுதுகிறேன். இதையும் நாளைக்குத் திருத்தவேண்டி வராது என்று நம்புகிறேன்.

2024 ஒக்டோபர் 20

திருத்தவேண்டித்தான் வந்தது, ஆனால் காற்றைப் பற்றி அல்ல. உங்கள் கேள்வியில் தூண்டிலோடு ‘இடங்களைப் பார்த்து’ என்றும் இருந்தது. அதை நான் தூக்கிக் கடலில் போட்டுவிட்டேன்.

கண்ணுக்காகப் போவதென்றால் டிசம்பரும் ஜனவரியும் தோற்காத மாதங்கள். அப்போதுதான் மன்னார்ப் பாலத்தின் இருபுறமும், வங்காலைச் சரணாலயத்திலும் பூநாரைகளும் வடக்கேயிருந்து வந்த வாத்துகளும் கூட்டமாக நிற்கும். வங்காலை 2010 இல் ராம்சார் எனப்படும், உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் பட்டியலில் சேர்ந்தது. ஏப்ரில் கடைசியில் போனால் பெரும்பாலான பறவைகள் புறப்பட்டுப் போயிருக்கும். வெயில் மட்டும் வரவேற்கும். மே தொடக்கத்தில் கடுங்கோடை நாட்களாகிய காண்டாவனம் பிறந்துவிட்டால் பகல் பதினொரு மணிக்குப் பிறகு நெடுந்தீவின் முருகைக்கல் (பவளக்கல்) வேலிகளுக்கிடையே நடப்பது தண்டனைதான்.

ஆனால் ஏப்ரிலுக்கு அதன் பங்கு உண்டு. பனங்கள்ளும், புளிக்காத பதநீராகிய கருப்பணியும் தாராளமாகக் கிடைக்கும் காலம் அது. கீரிமலைக் கேணியில் இறங்குவதற்கும் அதைவிட நல்ல மாதம் இல்லை. பத்தடிக்கு அப்பால் உப்புக்கடல் மதிலில் மோதிக்கொண்டிருக்க, இந்தப் பக்கம் நன்னீர் ஊற்றில் கழுத்தளவு நிற்பது இந்த நாட்டில் வேறெங்கும் எனக்குக் கிடைக்காத சுகம். மழை விழும் சுண்ணாம்புக்கல் நிலம் நீரை உறிஞ்சி, நிலத்தடி வெடிப்புகள் வழியே கடலோரத்துக்குக் கொண்டுவந்து விடுவதால் அந்த ஊற்று அங்கே சுரக்கிறது.

வல்வெட்டித்துறையில் பார்ப்பதற்கு என்ன இருக்கிறது என்று கேட்டிருந்தீர்கள். கரையில் நின்று ஒன்றை நினைத்துப் பாருங்கள்: இந்தத் துறையில் கட்டிய ‘அன்னபூரணி’ என்ற பாய்க்கப்பலை ஓர் அமெரிக்கர் வாங்கிப் பெயர் மாற்ற, ஊர்க் கடலோடிகள் அதை ஓட்டிச் சென்று 1938 ஆகஸ்டில் மசச்சூசெற்சின் குளொஸ்டர் துறைமுகத்தில் சேர்த்தார்கள். கண்ணுக்கு அங்கே பெரிதாக ஒன்றும் இல்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன். பட்டத் திருவிழா தைப்பொங்கலோடு வருவது, ஏப்ரிலுக்கு அது கிடைக்காது.

2024 நவம்பர் 2

மீன் பெயர்களைப் பற்றி இரண்டு நாளாகக் குழப்பம் நடக்கிறது. கொழும்பில் நாம் சிங்களப் பெயரையும் தமிழ்ப் பெயரையும் கலந்து வாங்கிப் பழகிவிட்டதால் வடக்கே போய் விழிக்கிறோம். நீங்கள் ‘தோரா’ என்று தேடுவது யாழ்ப்பாணத்தில் அறக்குளா. ‘பலயா’ அங்கே சூரை. ‘கெலவல்லா’ என்று கேட்டால் கேட்டவரைத்தான் பார்ப்பார்கள். அது ஆழ்கடல் மீன், இந்தக் கரைக்கு அது விருந்தாளி.

ஆழங்குறைந்த கடலில் தூண்டிலுக்கு வருவன விளைமீன், பாரை, சீலா, கடலடிப் பாறைப் பார் இருக்கும் இடங்களில் கலவாய். கடல்நீரேரியில் கெளிறு வரும். கழற்றும்போது அதன் முள்ளை அவமதித்தால் அன்றைய பயணம் முடிந்தது. ஓராவும் அப்படித்தான், குத்தினால் கடுப்பு இறங்க நேரமெடுக்கும். பேத்தை வந்தால் தூண்டிலோடு தங்கூசி என்னும் நைலோன் நரம்பையும் கடித்துக்கொண்டு போகும். அதிர்ஷ்டவசமாகப் படகில் ஏறிவிட்டால் புகைப்படம் எடுத்துவிட்டுத் திருப்பி விடுங்கள், அதன் நஞ்சு சமையலில் அழியாது.

இரைக்கு இறாலும் கணவாயும் போதும். புறக்கோட்டையில் வாங்கிய மினுங்கும் பொய்மீன்களைப் பற்றிக் கேட்டவருக்கு: சீலா அவற்றை நம்பும், கடற்புல்லாகிய சாதாளை அதைவிட அதிகமாக நம்பும். நீரேரியின் அடி முழுவதும் சாதாளை என்பதால் ஒவ்வொரு எறிதலுக்கும் ஒரு பிடி கீரை பறித்துக்கொண்டு வருவீர்கள்.

2024 நவம்பர் 27

யாழ்ப்பாணத்தில் உறவினர் வீட்டு முற்றத்தில் முழங்காலளவு வெள்ளம் நிற்பதாகச் சற்றுமுன் தொலைபேசியில் சொன்னார்கள். வங்கக் கடலில் தாழமுக்கம். வளிமண்டலவியல் திணைக்களம் மீனவர்களைக் கடலுக்குப் போகவேண்டாம் என்று அறிவித்திருக்கிறது. டிசம்பர்த் திட்டத்தைப் பற்றி இனி யாரும் என்னிடம் வாதிடவேண்டியதில்லை என்று எண்ணுகிறேன். ஊரில் சனம் இடம்பெயர்ந்து நிற்கும்போது தூண்டிலைப் பற்றி இதற்குமேல் எழுதவும் மனம் வரவில்லை.

2025 ஜனவரி 16

ஏப்ரில் என்று முடிவெடுத்ததாக எழுதியிருக்கிறீர்கள். நாட்காட்டியை எடுத்துப் பார்த்தேன், சிக்கல் இருக்கிறது. சித்திரைப் புத்தாண்டு 14 ஆம் திகதி திங்கட்கிழமை. அதே கிழமை 18 ஆம் திகதி பெரிய வெள்ளி, 20 ஆம் திகதி உயிர்த்த ஞாயிறு. கொழும்பிலிருந்து பார்க்கும்போது இது தொடர்விடுமுறை. வடக்குக் கரையிலிருந்து பார்த்தால் இது ஒருவரும் கடலுக்குப் போகாத கிழமை. பேசாலை, குருநகர், பாசையூர் எல்லாம் கத்தோலிக்க மீனவர் ஊர்கள். சாதாரண ஞாயிற்றுக்கிழமையிலேயே அங்கே தொழில் இல்லை. பெரிய வாரத்தில் படகு கேட்டுப் போய் நிற்பது, தேர்த்திருவிழா அன்று பூசகரிடம் போய்த் தோட்ட வேலைக்கு வரச்சொல்வது போன்றது.

ஆகவே 22 ஆம் திகதி செவ்வாய் தொடக்கம் 26 ஆம் திகதி சனி வரை. இதில் எதிர்பாராத ஒரு நன்மையும் சேர்கிறது. தமிழ்நாட்டின் கிழக்குக் கரையில் ஏப்ரில் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடை. அந்த நாட்களில், எல்லை தாண்டி வந்து வலைகளை அறுக்கும் இழுவைப் படகுகள் இந்தப் பக்கம் வராததால் நம் மீனவர்கள் இரவு வலையை அச்சமின்றிப் போடுவார்கள், ஆட்களும் நல்ல மனநிலையில் இருப்பார்கள்.

யாழ்தேவியில் போகலாமா என்று கேட்டவருக்கு: யாழ்ப்பாணம் மட்டும் என்றால் புகையிரதமே சிறந்தது. 2014 ஒக்டோபரில் யாழ்ப்பாணம் வரையும் 2015 ஜனவரியில் காங்கேசன்துறை வரையும் பாதை மீண்டும் திறந்தது. தலைமன்னார்ப் பாதை 2015 மார்ச்சில் திறந்தது. ஆனால் மன்னாரையும் யாழ்ப்பாணத்தையும் கரையோரமாக இணைப்பது ஏ-32 வீதியும் சங்குப்பிட்டிப் பாலமுமே. புகையிரதத்தில் போனால் மதவாச்சிக்குத் திரும்பி வந்து வேறு வண்டி ஏறவேண்டும். வான் ஒன்றைப் பிடியுங்கள். நீளத் தூண்டில் தடியைப் புகையிரத மேற்தட்டில் வைத்து, அநுராதபுரத்தில் ஏறியவரின் பெட்டிக்கு அதன் நுனியைப் பலிகொடுத்த அனுபவமும் எனக்கு உண்டு.

2025 மார்ச் 9

படகு பேசுவதைப் பற்றி ஐந்து பேர் ஐந்து விதமாகக் கேட்டிருக்கிறீர்கள். விடுதிக்காரரின் ஏற்பாட்டை நம்பி ஒரு முறை மோசம் போனேன். உயிர்காப்பு அங்கி இருக்கிறது என்றார், விடியப்புறம் போய்ப் பார்த்தால் நான்கு பேருக்கு இரண்டு இருந்தன, அதிலொன்றுக்கு வார் இல்லை. இப்போது நான் செய்வது இதுதான்: முதல்நாள் மாலையே இறங்குதுறைக்குப் போய், அந்த ஊர்க் கடற்றொழிலாளர் சங்கத்தில் கேட்டு, படகையும் இயந்திரத்தையும் அங்கியையும் கண்ணால் பார்த்து, மண்ணெண்ணெய்ச் செலவு கூலிக்குள்ளா வெளியிலா என்பதையும் பேசிவிட்டு வருவேன். கரையில் கடற்படையினர் பெயர் பதியச் சொன்னால் பதியுங்கள். அடையாள அட்டையை விடுதியில் விட்டுவிட்டுப் போகாதீர்கள்.

ஈட்டித் துப்பாக்கி கொண்டுவரலாமா என்று ஒருவர் கேட்கிறார். கூடாது, சுழியோடி மீன் குத்துவதற்கு இந்நாட்டில் தடை இருக்கிறது. சினையுள்ள சிங்கிறாலை எடுப்பதும் தடை. ஆமையையும் கடற்பசுவையும் பற்றிச் சொல்லத் தேவையில்லை என்று நினைக்கிறேன்.

இனி வலையைப் பற்றி. நீரேரியில் தடிகள் வரிசையாக நிற்பதைக் காண்பீர்கள், அவை சிறகுவலைகள். கடலோட்டத்தோடு வரும் இறாலும் மீனும் அந்தச் சிறகு வழியே உள்ளே போய் அடையும்படி கட்டியிருப்பார்கள். ஒரு முறை மண்டைதீவுப் பக்கம் நான் எறிந்த தூண்டில் அந்த வலையில் மாட்டி, இழுத்த இழுப்பில் இரண்டு முழம் கிழிந்துபோயிற்று. வலைக்குரியவர் வரும்வரை காத்திருந்து பணத்தை நீட்டினேன். அவர் வாங்கவில்லை. வலையைக் கையில் எடுத்துக் கண்ணிகளை எண்ணிப் பார்த்துவிட்டு, “தம்பி, உமக்கு இது பொழுதுபோக்கு, எனக்கு நாளைக்கு ஒரு நாள் போச்சு, காசு தந்து அந்த நாளைத் தர ஏலாது” என்றார். பிறகு அவரே என் தூண்டிலைப் பக்குவமாகக் கழற்றித் தந்தார். அன்று முதல் தடிகள் தெரியும் இடத்தில் நான் எறிவதில்லை. இழுவைப் படகுகளின் மடிவலையால் பல ஆண்டுகளாக வலை இழந்து நிற்கும் கரை இது. 2017 இல் சட்டம் திருத்தி அந்தத் தொழிலை இங்கே தடைசெய்தார்கள், இருந்தும் எல்லைக்கு அப்பாலிருந்து வருவது நின்றபாடில்லை. நம்முடைய பங்குக்கு நாமும் கிழிக்கவேண்டாம்.

2025 மார்ச் 10

‘இவ்வளவு சொல்கிறீர்கள், நீங்களும் வந்தால் என்ன’ என்று கேட்டிருக்கிறீர்கள். வெள்ளவத்தைப் புகையிரதப் பாதையோரக் கற்களில் இருந்து மூன்று மாதமாக ஒரு மீனும் பிடிக்காதவனை இரண்டு தரம் அழைக்கத் தேவையில்லை.

2025 ஏப்ரில் 28

சனி பின்னிரவு திரும்பினோம். முழங்கை வரை தோல் உரிகிறது.

செவ்வாய் விடியற்காலை மூன்று மணிக்குப் புறப்பட்டு, புத்தளம், அநுராதபுரம், மதவாச்சி வழியாகப் போய்ப் பிற்பகலில் தலைமன்னார் இறங்குதுறையில் நின்றோம். ஒரு காலத்தில் சென்னைக்கு ரிக்கெற் எடுத்தவர்கள் புகையிரதத்தால் இறங்கிக் கப்பல் ஏறிய இடம் அது. இப்போது தண்டவாளத்தைத் தாண்டி ஆட்டுக்குட்டிகள்தான் நடக்கின்றன. புதன் விடியலில் பேசாலையிலிருந்து வடகடலுக்குப் போனோம். கண்ணாடிபோலக் கடல். மூன்று மணி நேரத்தில் ஐந்து பேருமாகப் பிடித்தது ஏழு பேத்தை, ஒரு விரற்கடை விளைமீன். கடல் அமைதியாக இருந்தால் மீன் வரும் என்று நான் எங்கும் எழுதவில்லை என்பதை நினைவூட்டிக்கொள்கிறேன்.

பூநகரி வீதியில் மயில்கள் நின்றன. அன்றிரவு யாழ்ப்பாணத்தில் பண்ணைப் பாலத்தில் ஊர்ப் பெடியளோடு வரிசையாக நின்று தூண்டில் போட்டோம். எங்கள் தடிகளை அவர்கள் மரியாதையோடு பார்த்தார்கள். வெற்றுத் தங்கூசியைப் போத்தலில் சுற்றி வைத்திருந்த பன்னிரண்டு வயதுப் பையன் ஒருவன் எங்கள் ஐவரையும்விட அதிகமாகப் பிடித்தான். அந்தப் பிடிவாதத்தில் நள்ளிரவு தாண்டிவிட்டது.

விளைவு, வியாழன் காலை நெடுந்தீவுப் படகைக் கயிறு அவிழ்க்கும் நேரத்தில் ஓடிப்போய் ஏறினோம். மாவிலித்துறையில் இறங்கியதும் ‘குமுதினி’ படகில் 1985 மே 15 அன்று வெட்டிக் கொல்லப்பட்ட முப்பதுக்கு மேற்பட்ட பயணிகளின் நினைவிடத்தில் சிறிது நேரம் நின்றோம். வரும் வழியெல்லாம் பகிடி பேசிக்கொண்டு வந்த கொட்டாஞ்சேனை நண்பர் அதன் பிறகு தீவின் பெருக்குமரம் (பாவோபாப்) வரையும் ஒன்றும் பேசவில்லை. மட்டக்குதிரைகளைத் தெற்குப் பக்க வெளியில் தொலைவில் கண்டோம். மாரி முடிந்து மாதங்கள் ஆனதால் குட்டைகள் வற்றி, எலும்பு தெரிய நின்றன.

வெள்ளி முழுவதும் கீரிமலைக் கேணி என்று சொல்லிவிடலாம். சனி விடியலில் பருத்தித்துறையில்தான் பயணத்தின் கூலி கிடைத்தது. கரையிலிருந்து வெளிச்சவீடு சுண்டுவிரலளவு தெரியும் தூரத்தில் பொய்மீனை இழுத்துக்கொண்டு மெதுவாகப் போனோம். ஒரு கையளவு நீளச் சீலா ஒன்றும் இரண்டு பாரையும் வந்தன. படகோட்டி ஐயா பாரையில் ஒன்றைக் கேட்கவில்லை, நாங்கள்தான் வற்புறுத்திக் கொடுத்தோம். மணற்காட்டில் மணல் மூடிய பழைய தேவாலயச் சுவர்களைப் பார்த்துவிட்டுத் தெற்கே திரும்பினோம்.

வீட்டுக்குக் கொண்டுவந்த மீன்? பெரும்பகுதி வெள்ளி அதிகாலை பாசையூரில் ஏலம் கூறி விற்றதில் வாங்கியது. பேலியகொடை மீன்சந்தை விலையெல்லாம் எனக்குத் தலைகீழ் பாடம் என்று முன்னே போன நண்பர், கூறுகிறவரின் வேகத்துக்கு வாய் திறக்குமுன் மூன்று கூறு வேறு ஆட்களிடம் போய்விட்டது. நான்காவதில் ஒட்டி மீனும் நண்டும் கிடைத்தன. தங்கிய வீட்டு அக்கா அதில் பாதியை அன்றிரவே ஒடியற் கூழாக்கித் தந்தார். மீதி ஐஸ் பெட்டியில் வந்தது. வீட்டில் எல்லாம் நானே பிடித்தது என்று சொன்னேன், நண்டைப் பார்த்ததும் ஒருவரும் நம்பவில்லை.

2025 ஏப்ரில் 29

அடுத்த ஆண்டு போகிறவர்கள் என் முதற் குறிப்பின் நாள் ஒழுங்கை அப்படியே எடுக்கவேண்டாம். யாழ்ப்பாணத்தின் முதல் இரவில் எப்படியும் பண்ணைப் பாலத்துக்குப் போவீர்கள், எப்படியும் நள்ளிரவாகும். மூன்றாம் நாளுக்குக் கீரிமலையை வைத்து, நெடுந்தீவை நான்காம் நாளுக்குத் தள்ளுங்கள். தேசிக்காய் ஒன்றையும் மறக்காதீர்கள். இந்த முறை கடல் அமைதியாக இருந்தும், வான் ஓட்டுநருக்கு அது தேவைப்பட்டது.